கிரீடத்துக்குள் யார்?

“கிரீடத்தக் கழட்டிட்டு எங்கூட வாங்க.”

சிவபாக்கியம் இதைக் காதோடு காதாகச் சொல்லவில்லை. கொடைக்கானல் மலையில் பண்ணைக்காட்டுக்குக் கீழே, ஓடைக்கரைப் பாறைமேல், அட்டையில் செய்த மயிலுக்குப் பக்கத்தில் வேலும் கையுமாக நின்றிருந்த முருகக் கடவுளைப் பார்த்துச் சொன்னாள். கேமராக்காரர் தொடங்கி, குண்டானைக் கழுவிக்கொண்டிருந்த சமையல்காரர் வரைக்கும் அத்தனை பேர் காதிலும் விழுந்தது.

உச்சி வெயில். வெள்ளித்தாள் ஒட்டிய பலகைகளைத் தூக்கிப்பிடித்து வெயிலைச் சாமியின் முகத்துக்குத் திருப்பிக்கொண்டிருந்தவர்களுக்குக் கை ஆடிப்போய், வெளிச்சம் முகத்தை விட்டு நழுவி மரக்கிளைக்கு ஓடியது. கதாநாயகி கன்னத்தில் போட்டுக்கொண்டாள். டைரக்டர் அவதானி நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். முருகன் மட்டும் அசையவில்லை. மை தீட்டிய கண்ணை உருட்டி அவளைப் பார்த்தார். அவள் சொன்னது அவருக்குப் புரிந்ததா என்பதே சந்தேகம்.

“ஏ தாயி, ஒனக்கென்ன கிறுக்கா புடிச்சிருக்கு? வாய மூடிக்கிட்டு வெரசா இங்கிட்டு வா.”

புரடக்‌ஷன் மானேஜர் சேனாதிபதி ஓடிவந்து அவள் முழங்கையைப் பிடித்துக் காப்பிச் செடிகளுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போனார்.

“மொத நாளே சொன்னனா இல்லையா?”

“சொன்னீங்க.”

“என்ன சொன்னேன்?”

“எத வேணா கேளு, கிரீடம் வச்ச சாமிட்ட கிரீடத்தக் கழட்டுன்னு மட்டும் கேட்டுறாதன்னீங்க. கிரீடத்துக்குள்ள யாருன்னு யார்ட்டயும் கேட்டுறாதன்னீங்க. நான் மறந்துபோயா கேட்டேன் சித்தப்பா? தெரிஞ்சேதான் கேட்டேன்.”

“பி.ஏ. படிச்ச திமிரு,” என்றார் சேனாதிபதி. அதற்குமேல் திட்ட அவருக்கு நேரமில்லை. அவதானி கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

அந்தக் கம்பெனியில் அப்படி ஒரு கட்டுப்பாடு இருந்தது. ‘பக்த நாகமாம்பா’ என்று தெலுங்கில் ஒரு பக்திப்படம். அதே நடிகர்களை வைத்துத் தமிழிலும் எடுத்தார்கள். ஒரு காட்சியைத் தெலுங்கில் பேசி எடுத்து முடித்ததும், அதே இடத்தில் அப்படியே நின்று தமிழில் ஒரு தடவை. அவர்களுடைய நாக்குக்குத் தமிழைப் பழக்குவதுதான் சிவபாக்கியத்தின் வேலை. அவதானிதான் முதலாளி, அவரேதான் டைரக்டர். படம் முடியும்வரை கறி மீன் தொடுவதில்லை, காலில் செருப்பில்லை என்று அவர் விரதம். மேக்கப்காரர் மயில்சாமி கிரீடத்தை வைத்துக் கர்ப்பூரம் காட்டிவிட்டால், மறுபடி கர்ப்பூரம் காட்டி இறக்கும்வரை உள்ளே இருப்பவர் முருகன். பேர் சொல்லிக் கூப்பிடக் கூடாது. அவதானியே, “சுவாமி கொஞ்சம் எடது பக்கம் தயவு பண்ணணும்,” என்றுதான் சொல்லுவார்.

சிவபாக்கியத்துக்கு இது முதலிலிருந்தே உறுத்திக்கொண்டிருந்தது. அவள் பழனிக்காரி. அவளுடைய அப்பா நல்லுசாமி மலைக்கு அபிஷேகத் தண்ணீர் சுமக்கிறவர். அந்தக் குடும்பத்தில் கையெழுத்துக்கு மேல் எழுதத் தெரிந்த முதல் ஆள் அவள்தான். அவளுடைய ஊர்ச் சாமி காலை முதல் ராத்திரி வரைக்கும் வேடன், ராஜா என்று மாறி மாறி உடுத்துகிறது, மாறி மாறிக் களைகிறது. எல்லாவற்றையும் களைந்துவிட்டுக் கோவணத்தோடு நிற்கிறபோதுதான் ஜனம் இன்னும் சத்தமாக அரோகரா போடுகிறது. அப்படியிருக்க, அட்டையும் கண்ணாடிக் கல்லும் வைத்து ஒட்டிய ஒரு கிரீடத்தை இறக்க இவர்களுக்கு ஏன் இத்தனை பயம்? எதை மூடுவதற்கு? கேட்டால் பதில் வராது என்று தெரிந்ததால் பேசாமல் இருந்தாள். வெள்ளிக்கிழமை வரைக்கும்.

அந்த வெள்ளிக்கிழமை கதாநாயகி மலையுச்சியிலிருந்து குதிக்கிற காட்சி. மாமியார் கொடுமை தாங்காமல் நாகமாம்பா பாறையிலிருந்து விழ, முருகன் வந்து காப்பாற்றுவார். கதாநாயகிக்குப் பதிலாகக் குதித்தவள் செல்லாயி. காட்டுக்குள் குடியிருக்கிற மலைச்சாதிப் பெண், காப்பித் தோட்டத்தில் வேலைக்கு வருகிறவள், கதாநாயகியின் உயரம். பட்டுப்புடவையைக் கட்டிவிட்டுப் பாறைமேல் ஏற்றினார்கள். கீழே வைக்கோலைப் பரப்பி, மேலே வலை கட்டியிருந்தார்கள்.

சிவபாக்கியம் அப்போது அங்கே இல்லை. எஸ்டேட் பங்களாவில், மாமியார் வேஷக்கார அம்மாளுக்கு மருமகளைத் தமிழில் ஏசக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருந்தாள். அந்த அம்மாள் நல்ல மனுஷி. எத்தனை தடவை சொல்லிக்கொடுத்தாலும் ‘சனியனே’ என்பதைக் கொஞ்சுகிற மாதிரியே சொன்னாள். திரும்பி ஓடைக்கு வந்தபோது ஊரே அழுதுகொண்டிருந்தது. எல்லாம் சந்தோஷ அழுகை. செல்லாயி வைக்கோலின் ஓரத்தில் விழுந்தாளாம். அசைவில்லாமல் கிடந்தாளாம். முருகன் பாறையிலிருந்து இறங்கி ஓடிவந்து, நெற்றியில் திருநீறு பூசி, எழுந்திரு என்றாராம். எழுந்து நின்றாளாம். ரெண்டடி நடந்தாளாம். அவதானி மண்ணில் விழுந்து கும்பிட்டு இன்னும் எழுந்திருக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சிவபாக்கியம் சரிவில் இறங்கிச் செல்லாயியின் குடிசைக்குப் போனாள். தொடை வாழைத்தண்டாக வீங்கியிருந்தது. வலது பாதம் யாரோ திருகிவைத்ததுபோல் வெளிப்பக்கமாகச் சாய்ந்து கிடந்தது. மேல்விழுந்த ஈயை ஓட்டக்கூட அவள் உடம்பை அசைக்கவில்லை.

“கொடைக்கானல் ஆஸ்பத்திரிக்குப் போயிறலாம் செல்லாயி. ஜீப்புக்கு நான் சொல்றேன்.”

“வேணாம்மா. ஒண்ணுமில்லன்னு சொல்லிருச்சுல்ல.”

“யாரு சொன்னா?”

“மாப்பிள்ளச்சாமி.”

வள்ளி தங்கள் வீட்டுப் பெண் என்பதால் முருகன் அவர்களுக்கு மாப்பிள்ளை. வாசலில் உட்கார்ந்து மூங்கில் சீவிக்கொண்டிருந்த செல்லாயியின் புருஷன் மலையன் நிமிர்ந்து பார்க்காமலே சொன்னான்.

“மாப்பிள்ள வாயால ஒண்ணுமில்லன்னு சொன்னப்பறம் நாம பச்சிலை வச்சுக் கட்டுனாக்கூட அவரு பேச்ச நம்பலன்னு ஆயிரும். அப்பறம் நம்ம பொண்ணு அந்த வீட்டுல எப்படி வாழும்?”

அவன் ‘நம்ம பொண்ணு’ என்றது வள்ளியை.

“மலையா, அது மெட்ராஸ்ல இருந்து வந்த நடிகரு. சோறு தின்னு, பீடி குடிச்சு, நம்மளப் போல இருக்கிற ஆளு.”

மலையன் சிரித்தான். “தெரியாமயா கெடக்கோம்? எங்க குறி சொல்ற கோடாங்கியும் பகல்ல எங்களோட கெழங்கு தோண்டுறவன்தான். தலையில துணியக் கட்டிக்கிட்டு ஆடுறப்ப அவன் சாமி. துணிய அவுத்ததும் அவன்ட்டயே கேப்போம், ஏலே, சாமி வந்துச்சா, நீயா பேசுனியான்னு. நாந்தான் பேசினேன்னு சொல்லிட்டா அந்த வாக்கு செல்லாது. அவன் மேல வந்துச்சா இல்லையான்னு அடுத்தவன் எப்பிடிச் சொல்லுவான்? நீங்க சொல்றது செல்லாதும்மா.”

“கிரீடத்த எறக்கிட்டு அந்த மனுசன் வந்து சொல்லட்டும்,” என்றாள் செல்லாயி பல்லைக் கடித்துக்கொண்டு. “எம்மேல வரல தாயின்னு ஒரு வார்த்த சொல்லட்டும். அடுத்த நிமிசம் ஜீப்புல ஏறுறேன். எனக்கு மட்டும் வலிக்கலையா?”

“அவரு மொகத்தப் பாத்தியா அன்னிக்கு?”

“மொகத்த எங்க பாத்தேன். கிரீடந்தான் கண்ணக் கூசுச்சு. சத்தம் கேட்டுச்சு. ‘ஒண்ணுமில்ல தாயி, ஒண்ணுமில்ல, வெரசா எந்திரி’ன்னு நம்ம பேச்சுலயே சொல்லுச்சு. எந்திரிச்சேன்.”

சிவபாக்கியம் மேலே ஏறிவந்து, நடிகர் கிரீடமில்லாமல் குடிசைக்கு வந்து ஒரு வார்த்தை சொல்வாரா என்று மயில்சாமியிடம் கேட்டாள். அவர் சிரித்து மழுப்பினார். கேமராக்காரரிடம் கேட்டாள். எனக்குத் தமிழ் வராது என்று அவர் சுத்தமான தமிழில் சொன்னார். செவ்வாய்க்கிழமை காலையில் அவதானியிடமே போய் நின்றாள். அவரோ அதை விட்டுவிட்டு வேறு ஒன்றைச் சொன்னார். சாயந்திரம் மெட்ராசிலிருந்து ஒரு சினிமாப் பத்திரிகைக்காரரும் போட்டோ பிடிப்பவரும் வருகிறார்கள். செல்லாயியை டோலி கட்டிக் கொண்டுவந்து முருகன் பக்கத்தில் நிறுத்தவேண்டும். பின்னால் ரெண்டு பேர் தாங்கிக்கொண்டால் போதும், போட்டோவில் விழாது. அவள் சொல்வதை எடுத்துச் சொல்ல சிவபாக்கியம் பக்கத்தில் நிற்கவேண்டும்.

“கோவில் கைங்கரியக் குடும்பம், அதுலயும் பி.ஏ. படிச்ச பொண்ணு. நீ சொன்னா மறுப்பு உண்டா அம்மாயி?” பெண்பிள்ளைகளை அவர் தெலுங்கில் அப்படித்தான் கூப்பிடுவார்.

அந்தக் காலைத் தரையில் ஊன்றி நிற்கவைக்கப் போகிறார்கள் என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. அதற்குப் பிறகுதான் உச்சி வெயிலில், எல்லோரும் பார்க்க, கேட்கக் கூடாததைக் கேட்டாள்.

சாப்பாட்டு இடைவேளை விட்டதும் கூடாரத்திலிருந்து ஆள் வந்தது. சாமி கூப்பிடுகிறாராம்.

போகலாமா வேண்டாமா என்று யோசிக்கவில்லை. வேலையைவிட்டுப் போகச் சொல்லுவார், சொல்லட்டும் என்று உள்ளே போனாள். கர்ப்பூர வாசனை இன்னும் போகவில்லை. கிரீடம் பெட்டிக்கு மேல் இருந்தது. கிரீடத்தைவிட்டு வெளியே வந்த சீதாபதிராஜு, நாற்காலியில் உட்கார்ந்து வழுக்கைத் தலையைத் துண்டால் துடைத்துக்கொண்டிருந்தார். கோதாவரிக் கரையில் நாடகம் போட்டுப் பெயர் வாங்கியவர். வயது ஐம்பதைத் தொடும். இடுப்புப் பட்டைத் தளர்த்தியதில் முருகக் கடவுளின் தொப்பை நிம்மதியாக வெளியே வந்திருந்தது.

“பெண்ணே,” என்றார் அவர். “உன் உள்ளத்தை வாட்டும் துயர் யாது?”

அவருக்குத் தெரிந்த தமிழ் அவ்வளவும் அவள் கற்றுக்கொடுத்தது. கற்றுக்கொடுத்த அவ்வளவும் கடவுள் பேசுகிற தமிழ். காப்பி வேண்டுமென்றால்கூட, “யாம் தாகமுற்றோம்,” என்றுதான் கேட்பார். மற்ற நாளாயிருந்தால் அவளுக்குச் சிரிப்பு வந்திருக்கும்.

“வெள்ளிக்கிழம நீங்க அந்தப் பொண்ணுக்குத் துண்ணூறு பூசுனீங்க. எந்திரின்னு சொன்னீங்க. அவளுக்கு எலும்பு முறிஞ்சு கெடக்கு. நீங்க சொன்னதாலதான் ஆஸ்பத்திரிக்குப் போக மாட்டேங்கிறா.” மெதுவாக, கையைக் காலைக் காட்டி, நடுவில் இங்கிலீஷும் கலந்து சொன்னாள்.

அவர் முகம் சுருங்கியது. கேட்டுக்கொண்டே வந்தவர், அவள் மறுபடி வெள்ளிக்கிழமை என்ற இடத்தில் கையைத் தூக்கி நிறுத்தினார்.

“யாம் அங்கு இல்லை, பெண்ணே.”

“இல்லையா?”

“ஜ்வரம். கொடைக்கானல். ரூமு. கம்பளி, கம்பளி மேல கம்பளி.” அதற்குமேல் தமிழ் இல்லாமல் பல்லை நடுக்கிக் காட்டினார்.

நடிகன்தானே, காய்ச்சலையும் நடித்துக் காட்டுவான் என்றுதான் அவளுக்கு முதலில் பட்டது. சட்டென்று கேட்டாள்: “வெரசா எந்திரின்னா என்ன?”

“வெ... ரசம்?” என்றார் ராஜு. சாப்பாட்டைப் பற்றிக் கேட்கிறாள் என்று நினைத்து, வெளியே பந்தி நடக்கிற பக்கம் கையைக் காட்டினார்.

இவர் இல்லை. இந்த வாயில் அந்த வார்த்தை வந்திருக்க வழியே இல்லை. நாலு மாதமாக இந்த நாக்கோடு மல்லுக்கட்டுகிறவள் அவள். ஒண்ணுமில்ல தாயி, வெரசா எந்திரி. மனசுக்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்தாள். சற்று முன்னே காப்பிச் செடிக்குப் பின்னால் தன்னை இழுத்துக்கொண்டு போன குரல் அப்படியே வந்து அதில் பொருந்தியது. அவள் வெளியே வந்தாள்.

கூடாரத்துக்கு வெளியே மயில்சாமி சாயக் கிண்ணங்களைக் கழுவிக்கொண்டிருந்தார்.

“மயில்சாமியண்ணே, வெள்ளிக்கிழம கிரீடத்த யாரு தலையில வச்சீங்க?”

“முருகன் தலையில.”

“அண்ணே.”

“கேக்காதம்மா. கர்ப்பூரம் காட்டிட்டா எனக்கே தெரியாது.” கிண்ணத்தைக் கவிழ்த்துவைத்தார். பிறகு தண்ணீரைப் பார்த்துக்கொண்டே சொன்னார். “ஆனா ஒண்ணு. அது ராஜுகாருக்கு அளவெடுத்துச் செஞ்சது. அவருக்குத் தல சின்னது. வேற எந்தத் தலைக்கும் சேராது. கம்பி நெத்திய அறுத்துப்புடும்.”

வாய்தவறிச் சொன்னாரா, சொல்ல வேண்டுமென்றே சொன்னாரா என்று கண்டுபிடிக்க முடியவில்லை. அந்தக் கம்பெனியில் யார் பேசுவதையும் அப்படியே எடுத்துக்கொள்ள முடியாது என்று அவளுக்குப் புரிந்துபோயிருந்தது.

பங்களாவில் அவதானி தனியாக இலை போட்டுத் தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். பக்கத்தில் சேனாதிபதி கைகட்டி நின்றார். அவள் வாசலில் நின்று சேனாதிபதியையே பார்த்தாள். சட்டைக் கழுத்து வேர்வையில் நனைந்திருந்தது. தலையில் மட்டும் மப்ளர், புருவம் வரைக்கும் இறக்கிச் சுற்றியிருந்தது. ராத்திரிக் குளிருக்கு எல்லோரும் சுற்றுவதுதான். இந்த வெயிலில் யாரும் சுற்றவில்லை.

“சித்தப்பா, மப்ளர எடுங்க.”

சேனாதிபதி மப்ளரை இன்னும் கீழே இழுத்துவிட்டுக்கொண்டார். “என்ன தாயி பேசுற, பெரியவர் சாப்பிடுறாரு...”

“எடுத்துக் காட்டு சேனாதிபதி,” என்றார் அவதானி, இலையிலிருந்து நிமிராமல். “இதுல வெக்கம் என்ன? அது சுவாமி வெச்ச முத்திரை.”

சேனாதிபதி மெல்ல அவிழ்த்தார். நெற்றியில், ஒரு காதோரத்திலிருந்து மறு காதோரம் வரைக்கும் சிவப்பாக ஒரு கோடு. ஓரங்களில் புண் காய்ந்து பொருக்குத் தட்டியிருந்தது.

“ராஜுகாருக்குக் காய்ச்சல். தூரத்துல இருந்து எடுக்குற ஷாட்டுதான, யாரு நின்னா என்னன்னு என்னய நிக்கச் சொன்னாங்க,” என்றார் சேனாதிபதி.

“சரி. இப்ப கீழ வாங்க. செல்லாயிட்ட, எம்மேல ஒண்ணும் வரல, நாந்தான் பேசினேன்னு சொல்லுங்க. அது போதும். வேற யாருக்கும் தெரிய வேணாம். பத்திரிகைக்காரன்ட்ட நான் ஒரு வார்த்த சொல்ல மாட்டேன்.”

“எப்பிடித் தாயி சொல்லுவேன்?”

“வாயாலதான்.”

“வந்துச்சே.”

அவள் அவருடைய நெற்றிக்கோட்டைப் பார்த்தாள்.

“சத்தியமா வந்துச்சு பாக்கியம். அவ விழுந்த சத்தம் கேட்டுச்சு. எனக்குக் கண்ணு இருட்டிருச்சு. எறங்கி ஓடுனது தெரியாது, துண்ணூறு எடுத்தது தெரியாது. நானா பேசல. எனக்குள்ள இருந்து பேசுச்சு. இருவது வருசமா இந்தப் பொழப்புல எவன் எவனுக்கோ செருப்பத் தூக்கியிருக்கேன், கெட்ட வார்த்த வாங்கியிருக்கேன். ஒரு நாளு, ஒரே ஒரு நாளு, எம்மேல வந்து எறங்குச்சு. அதப் போயி வரலன்னு பொய் சொல்லச் சொல்றியா?”

அவர் கண்ணில் தண்ணீர் நின்றது. சிவபாக்கியம் அவரை ஏறிட்டுப் பார்த்தாள். சின்ன வயதிலிருந்து தெரிந்தவர். தைப்பூசத்துக்குத் தைப்பூசம் அவர்கள் வீட்டில் வந்து தங்குகிறவர். கல்லூரி முடித்து வீட்டில் கிடந்தவளை இங்கே கொண்டுவந்து சேர்த்தவர். அழுகை பொய்யாகத் தெரியவில்லை. அதுதான் அவளுக்கு இன்னும் பயமாக இருந்தது.

“அந்த வைக்கோலப் போட்டது யாரு சித்தப்பா?”

சேனாதிபதி கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

“வலையக் கட்டுனது யாரு? பாறையில இருந்து எம்புட்டுத் தள்ளி இருக்கணும்னு பாத்தது யாரு? அன்னிக்கு நீங்க கிரீடத்த வச்சுக்கிட்டு மேல நின்னுட்டீங்க. கீழ பாக்க ஆளில்ல. சாமி வரலன்னா, அடுத்து அதத்தான் கேப்பாங்க. அதுனாலதான் உங்களுக்குச் சாமி வந்துச்சு.”

“நாக்க அடக்கிப் பேசு!” என்று சேனாதிபதி கத்தினார். கத்திய வேகத்தில் நெற்றிப் பொருக்கு வெடித்து ஒரு துளி ரத்தம் வந்தது.

அவளும் கத்தியிருப்பாள். செல்லாயி பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்த கிடை நினைவுக்கு வந்தது. ஜெயித்துக்கொண்டிருக்க நேரமில்லை. அவள் தன்னையே விழுங்கிக்கொண்டு, இதுவரைக்கும் யாரிடமும் பேசாத பதவிசோடு பேசினாள்.

“சரி. வந்துச்சுன்னே வச்சுக்குவோம். நான் தப்பு, நீங்க சரி. கிரீடத்தக் கழட்ட வேணாம். வச்சுக்கிட்டே வாங்க. வந்த சாமி இன்னொரு தடவ வரட்டும். ‘ஆஸ்பத்திரிக்குப் போ தாயி’ன்னு ஒரு வாக்குச் சொல்லட்டும். நானே முன்னால நின்னு அரோகரா போடுறேன்.”

சேனாதிபதியின் முகத்தில் ஒரு கணம் வெளிச்சம் வந்தது. அவர் திரும்பி அவதானியைப் பார்த்தார்.

அவதானி சாப்பிட்டு முடித்து இலையை மடித்தார். “நன்னா யோசிச்சுப் பேசு அம்மாயி. சுவாமி ஒரு தடவ சரியாச்சுன்னு சொன்னார். இப்போ ஆஸ்பத்திரின்னு சொன்னா மொதல் வாக்கு என்ன ஆறது?”

“அப்ப அந்தக் கால் என்ன ஆகும்?”

“சுவாமி பாத்துப்பார்.”

“இப்ப நீங்க பாக்கலாமே. ஜீப் வாசல்லதான நிக்குது.”

“பத்திரிகைக்காரா போட்டோ எடுத்துண்டு போகட்டும். அதுக்கப்பறம் எங்க வேணுமானாலும் கூட்டிண்டு போங்கோ. யார் வேணாம்னா?”

கையைக் கழுவ எழுந்து போனார். செருப்பில்லாத பாதங்கள் சிமெண்டுத் தரையில் ஈரத்தோடு பதிந்தன. விரதம் முழுக்க முழுக்க உண்மைதான். அந்த மனுஷர் யாரையும் ஏமாற்றுவதாகக்கூட நினைக்கவில்லை.

“சித்தப்பா,” என்றாள் சிவபாக்கியம் தணிந்த குரலில். “உங்க மேல வந்த சாமி. உங்க சாமி. அவரா முடிவு பண்றது?”

சேனாதிபதி மப்ளரை எடுத்து உதறினார். சுற்ற ஆரம்பித்தார். ஒரு சுற்று, இன்னொரு சுற்று, நெற்றிக்கோடு மறையும்வரை.

“அவரு சொல்றதும் நாயந்தான தாயி,” என்றார் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு. “சாயந்தரம் வரைக்கும்தான. வலியப் பொறுத்துக்கிட்டா என்ன, காட்டு ஆளுக, திடமான ஒடம்பு.”

இதுவரையில் அவளுக்குள் ஒரு மூலையில், ஒருவேளை, ஒருவேளை இவர்மேல் ஏதோ வந்துதான் இருக்குமோ என்று ஒன்று கிடந்தது. பழனியில் பிறந்தவளுக்கு அது போகாது. அந்த வார்த்தையில் அது போயிற்று.

“சாயந்தரம் நான் நிக்க மாட்டேன். நாளையில இருந்து வேலைக்கும் இல்ல,” என்றாள்.

“ஒங்கப்பன் முகத்துல நான் எப்பிடி முழிப்பேன்? எங்கையப் புடிச்சு ஒப்படைச்சானே...”

“அத நீங்க மலையேறி வர்றப்ப பாத்துக்கங்க.”

“எங்க போற? ஏ தாயி! கீழ போயி என்னத்தச் சொல்லப் போற? நீ சொன்னா அவங்க கேப்பாங்களா? நான் வந்து சொன்னாத்தான செல்லும்!”

அவர் சொன்னது சரிதான். இவள் சொன்னால் செல்லாது. கிரீடம் வைத்த மனிதன் வெறுந்தலையோடு வந்து சொன்னால்தான் செல்லும். செல்லாயி முகத்தைப் பார்க்கவில்லை, கிரீடத்தைப் பார்த்தாள். கிரீடத்துக்கு உரியவர் அங்கே கூடாரத்தில் ரசஞ்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார். வெள்ளிக்கிழமை அவர்மேல் எதுவும் வரவில்லை. கம்பளி தவிர எதுவும் வரவில்லை. அவர் வெறுந்தலையோடு குடிசைக்கு வந்து அதை எந்தச் சாமி முன்னாலும் சத்தியம் பண்ணிச் சொல்லலாம். அன்றைக்குக் கிரீடத்துக்குள் இருந்தவர் இவர்தான் என்று செல்லாயி எடுத்துக்கொள்வாள்.

அது பொய்தான். வார்த்தைக்கு வார்த்தை உண்மையாக இருந்தாலும் பொய்தான். சிவபாக்கியம் அதற்கு வேறு பெயர் வைத்துச் சமாதானம் தேடிக்கொள்ளவில்லை. மலையனின் கண்ணைப் பார்த்துக்கொண்டு அந்தப் பொய்க்குப் பக்கத்தில் நிற்கவேண்டும். நிற்பாள். ராஜு கேட்டால் ஜீப்பு டிரைவர் வேலப்பன் மறுக்க மாட்டான். யாமும் பெண்ணேயும் இனி உதவாது. மனுஷன் மாதிரிப் பேச அந்த வாய்க்கு ஒரே ஒரு வரி கற்றுக்கொடுத்தாகவேண்டும், பத்திரிகைக்காரன் வண்டி மலையேறி வருவதற்குள்.

“பாக்கியம்!” என்றார் சேனாதிபதி பின்னாலிருந்து.

அவள் படியிறங்கி, காப்பிக்கொட்டை காயப்போட்டிருந்த முற்றத்தின் ஓரமாகக் கூடாரத்தைப் பார்த்து நடந்தாள். நடக்கும்போதே அந்த வரியைத் துண்டு துண்டாக வெட்டி வாய்க்குள் உருட்டினாள். எம்மேல ஒண்ணும். வரல தாயி. அவருடைய நாக்குக்கு ஆகாத எழுத்து இதில் ஒன்றுகூட இல்லை.